சிறையும் சுவீகாரமும்

அமெரிக்க எல்லைப்புறத்து வெள்ளையர் குடியேற்றங்களிலிருந்து பூர்வகுடி மக்களால் பிடித்துச் செல்லப்பட்டவர்களைப் பற்றி உலகம் நெடுங்காலமாக ஓர் அபிப்பிராயத்தைப் பேணி வந்திருக்கிறது. காட்டுமிராண்டிகளின் கையில் அகப்பட்ட அந்த அபாக்கியசாலிகள் அடிமைகளாய் உழைத்து, அடியாலும் பட்டினியாலும் நைந்து, மீட்பு ஒன்றையே நினைத்து நாளை எண்ணிக் கழித்தார்கள் என்பது அந்த அபிப்பிராயத்தின் ஒரு பாதி. மீளும் வாய்ப்புக் கிடைத்தும் மீள மனமில்லாமல் அங்கேயே தங்கிவிட்டவர்கள் மனிதத் தன்மையிலிருந்தே நழுவிப் போனவர்கள் என்பது மறுபாதி. நியூ இங்கிலாந்துப் பாதிரியார் ஒருவரின் மனைவியான மேரி ரௌலண்ட்ஸன் தம் சிறைவாசத்தைப் பற்றி 1682-இல் வெளியிட்ட நூல் தொடங்கி, சிறுமியாயிருந்தபோது பறிகொடுத்த தன் சகோதரன் மகள் கொமான்ச்சிப் பெண்ணாகவே வளர்ந்துவிட்டாள் என்று கண்டதும் அவளைச் சுட்டுக் கொல்லத் துணியும் மனிதன் ஒருவனைக் கதாநாயகனாக நிறுத்திய 1956-ஆம் ஆண்டின் 'தி சர்ச்சர்ஸ்' திரைப்படம் வரையில், இருநூற்றெழுபது ஆண்டுகளுக்கு மேலாக இந்த அபிப்பிராயம் புத்தகமாகவும் பிரசங்கமாகவும் நாடகமாகவும் படமாகவும் வடிவம் மாறி வந்ததேயன்றி, அதன் உட்பொருள் மாறவில்லை.

இந்த அபிப்பிராயம் தவறானது என்பதே என் கட்சி. எல்லாப் பூர்வகுடிகளையும் ஒன்றாய்த் திரட்டிப் பேசுவது நான் மறுக்க வந்த அபிப்பிராயத்தின் குற்றங்களுள் ஒன்றாதலால், நான் ஒரே மக்கள் கூட்டத்தை, வட அமெரிக்காவின் பேரேரிகளைச் சூழ்ந்தும் அவற்றுக்கு மேற்கே ரெட் ரிவர் வரையிலும் பரவி வாழ்ந்த ஒஜிப்வா மக்களை மட்டுமே எடுத்துக்கொள்கிறேன். தம்மை அனிஷினாபே என்று அழைத்துக்கொள்ளும் இவர்களும், இவர்களுக்கு மொழியாலும் இரத்தத்தாலும் நெருங்கிய ஒட்டாவா மக்களும், உறவு என்பதை ஏனைய எல்லாவற்றுக்கும் மேலாகக் கருதியவர்கள். 'டோட்டம்' என்று இன்று உலக மொழிகளிலெல்லாம் வழங்கும் குலக்குறிச் சொல், ஒஜிப்வா மொழியில் குலத்தையும் குல உறவையும் சுட்டும் சொல்லிலிருந்து பிறந்ததே. முன்பின் அறியாத இருவர் காட்டில் சந்தித்தால் ஒருவர் குலத்தை மற்றவர் கேட்டறிந்து, அதற்கேற்ப முறை வைத்து அழைத்து, ஒரே குடிலில் உண்டு உறங்குவது அவர்கள் வழக்கம். இப்படிப்பட்ட மக்களிடையே ஒரு வெள்ளைக் குழந்தை போய்ச் சேர்ந்தால், அந்தக் குழந்தைக்கு என்ன நேரும்?

இதற்கு விடை சொல்லத்தக்க சாட்சி ஒருவர் இருக்கிறார். அவர் பெயர் ஜான் டானர். வர்ஜீனியாவிலிருந்து கென்டக்கிக்குக் குடிபெயர்ந்த பாதிரியார் ஒருவரின் மகன். தாயை இரண்டு வயதிலேயே இழந்தவன். பள்ளிக்குப் போகாமல் ஏய்த்ததற்காகத் தந்தையிடம் அடி வாங்கியபின், இந்தியரோடு போய் வாழ்ந்தால் நன்றாயிருக்கும் என்று அடிக்கடி சொல்லித் திரிந்த சிறுவன். ஒஹையோ ஆற்றங்கரையில், பெரிய மியாமி ஆறு வந்து கலக்குமிடத்துக்கு எதிரே அவர்கள் குடியேறிச் சில நாட்களே ஆகியிருந்த வசந்தத்தில், ஏறக்குறைய 1790-இல், வீட்டுக்குள்ளேயே இருக்க வேண்டுமென்ற கட்டளையை மீறி அவன் வயலோரத்து அக்ரூட்டு மரத்தடியில் கொட்டை பொறுக்கித் தன் வைக்கோல் தொப்பியை நிரப்பிக்கொண்டிருந்தபோது, மனிட்டோ கீஷிக் என்ற முதியவரும் அவர் மகன் கிஷ்காகோவும் அவனைப் பின்னாலிருந்து பற்றித் தூக்கிக்கொண்டு போனார்கள். அப்போது அவனுக்கு வயது ஒன்பது. முப்பது ஆண்டுகள் கழித்துத் தாய்மொழியையே மறந்து திரும்பிய அவர், தம் வாழ்க்கையை எட்வின் ஜேம்ஸ் என்ற ராணுவ வைத்தியருக்குச் சொல்ல, அவர் எழுதி 1830-இல் நியூயார்க்கில் நூலாக வெளியிட்டார். பெரிய நூல், அலங்காரமற்ற நூல், தன்னைப் புகழ்ந்துகொள்ளாதவர் ஒருவர் தாம் கண்ட பசியையும் பனியையும் பிணக்கையும் வரிசையாகச் சொல்லிச் செல்லும் நூல். சிறைவாசம் என்ற சொல் அதன் தலைப்பிலேயே பொறிக்கப்பட்டிருக்கிறது. அந்தச் சொல்லைத்தான் நான் மறுக்கிறேன். என் மறுப்புக்குரிய ஆதாரங்களும் அந்த நூலுக்குள்ளேயே இருக்கின்றன.

மனிட்டோ கீஷிக் ஏன் அத்தனை தூரம் நடந்துவந்து ஒரு சிறுவனைக் கவர்ந்தார்? அவருடைய மனைவி தன் கடைசி மகனை நோய்க்குப் பறிகொடுத்தவள். தன் மகனைத் திருப்பிக் கொண்டுவந்து தராவிட்டால் தான் பிழைத்திருக்கப் போவதில்லையென்று அவள் கணவனிடம் முறையிட்டாள். இறந்த மகனின் வயதை ஒத்த பிள்ளை ஒன்றைக் கொண்டுவா என்பதே அதன் பொருள். ஹியூரன் ஏரியின் தென்மேற்கே சாகினாவிலிருந்த அவர்களுடைய ஊரை அடைந்ததும் அந்தத் தாய் சிறுவனைக் கட்டித் தழுவி, அழுது, முத்தமிட்டுக் குடிலுக்கு அழைத்துப் போனாள். மறுநாள், இறந்துபோன பிள்ளையைப் புதைத்த இடத்துக்கு அவனை இட்டுச் சென்றார்கள். முளைக்கம்புகளால் வேலியிட்ட அந்தச் சமாதியின் ஒருபுறம் குடும்பத்தாரும் சுற்றத்தாரும் அமர, மறுபுறம் பிறர் அமர, சுற்றத்தார் கொண்டுவந்த மேப்பிள் மரச் சர்க்கரையும் சோளமும் மணிகளும் துணியும் புகையிலையும் நடுவே வைக்கப்பட, சமாதியைச் சுற்றி அவர்கள் சிறுவனின் கையைப் பற்றிக்கொண்டு நடனமாடி, அந்தப் பொருள்களை ஒவ்வொன்றாக அவன் கையில் கொடுப்பதும் எதிர்ப்புறத்தார் அவற்றை அவனிடமிருந்து பறித்துக்கொள்வதுமாகப் பகலின் பெரும்பகுதியும் அந்தச் சடங்கை நடத்தினார்கள். ஓர் அடிமையை வாங்கியவன் எவனும் அவனைத் தன் பிள்ளையின் சமாதிக்கு அழைத்துப் போவதில்லை. தமிழில் இதற்குச் சுவீகாரம் என்று பெயர். அதற்குக் குறைந்த எந்தச் சொல்லும் இதற்குப் பொருந்தாது.

ஆனால் சுவீகாரம் என்று சொல்லிவிட்டதனால் கொடுமை இல்லையென்று ஆகிவிடாது. இங்கே எதிர்க்கட்சியாருக்கு உரியதை நான் மறைக்காமல் கொடுத்துவிட வேண்டும். மனிட்டோ கீஷிக் இரக்கமற்ற மனிதர். கவர்ந்துவந்த வழியிலேயே அவனைக் கொல்லக் கைக்கோடரியை ஓங்கியவர் அவர். அவருடைய கையைப் பிடித்துத் தடுத்தவன் மகன் கிஷ்காகோ. சோளக் கொல்லைக்கு நிலம் திருத்தும் வேலைக்கு அனுப்பப்பட்ட சிறுவன் களைத்துத் தூங்கிவிட்டான் என்பதற்காக அவர் கோடரியால் அவன் தலையில் அடித்து, இறந்தான் என்றே விட்டுச் சென்றார். குளிர்காலத்தில் அவனுக்குப் படுக்க இடம் கிடைத்தது குடிலின் வாசலோரத்தில். மறுமுறை போர் சென்று திரும்பியபோது, சிறுவனின் அண்ணனுடைய தொப்பி ஒன்றைக் கொண்டுவந்து அவன் தலையில் கவிழ்த்து, உன் குடும்பத்தார் அனைவரையும் கொன்றுவிட்டோம் என்று பொய் சொல்லி, திரும்பிப் போகும் நம்பிக்கையையே அவனுள்ளத்திலிருந்து பிடுங்கியெறிந்தார். ஒரு குழந்தைக்கு இதைக் காட்டிலும் பெரிய அநீதியை எவரும் இழைக்க முடியாது; பிடித்துச் சென்றதே அநீதிதான் என்பதையும் சேர்த்தே ஒப்புக்கொள்கிறேன். எனினும் சாகினாவில் அவன் கழித்த இரண்டு ஆண்டுகளிலும் அவனுடைய காயத்துக்கு மருந்திட்டவள் யார், கணவனுக்குத் தெரியாமல் அவனுக்கு உணவு கொடுத்தவள் யார் என்று கேட்டால், அவனைத் தன் வயிற்றுப் பிள்ளையாகவே வரித்துக்கொண்ட அந்தத் தாய்தான். கொடிய தகப்பன் இருந்தான் என்பதனால் அந்த வீடு சிறையாகிவிடுமானால், கென்டக்கியில் எத்தனை வீடுகள் சிறைகளாகும்!

பிறகு நடந்ததுதான் எதிர்க்கட்சியார் தம் வாதத்துக்குப் பெருந்துணையென்று நம்பும் விஷயம்: சிறுவன் விற்கப்பட்டான். நெட்நோக்வா என்ற ஒட்டாவா மூதாட்டி சாகினாவுக்கே வந்து அவனைப் பத்துக் காலன் விஸ்கிப் பீப்பாய்க்கும் போர்வைகளுக்கும் புகையிலைக்கும் வாங்கினார். இது வணிகமில்லையா, விலை பேசி மனிதனை வாங்கியது அடிமை முறையில்லையா என்று கேட்பார்கள். நெட்நோக்வா யார் என்று தெரிந்தால் இந்தக் கேள்வி எழாது. அவர் பெண்ணாயிருந்தும் தம் மக்களுக்குத் தலைவியாக விளங்கியவர். அவருடைய ஓடம் கொடியுடன், ஹியூரன், மிச்சிகன் ஏரிகள் கூடுமிடத்திலுள்ள மாக்கினாக் துறையை அணுகும்போது கோட்டையிலிருந்து பீரங்கி முழக்கி மரியாதை செய்வது வழக்கமாயிருந்தது. அவரும் ஒரு மகனை இழந்திருந்தார். விலை கேட்க வந்தபோது சாகினாத் தாய் மறுத்தாள். செத்துப் பிழைத்து வந்த பிள்ளையை இன்னொரு முறை தன்னால் இழக்க முடியாதென்று அவள் வாதாடினாள் என்று டானர் நினைவுகூர்கிறார். இரண்டு தாய்மார் ஒரு பிள்ளைக்காக வழக்காடுகிறார்கள். குடித்த ஆண்கள் அந்த வழக்கை முடித்துவைக்கிறார்கள். வாங்கிய அன்றே நெட்நோக்வா அவனுக்கு வயிறார உணவும் நல்ல உடையும் கொடுத்து, போய் என் பிள்ளைகளோடு விளையாடு என்று அனுப்பினார். வாங்கிய அடிமையிடம் எஜமானி சொல்லும் முதற்கட்டளை அதுவா?

அன்றுமுதல் நெட்நோக்வா தம் வாழ்நாளின் இறுதி வரையில் அவனுக்குத் தாய். அவருடைய கணவர் தாவ்காவெனின்னே ஒஜிப்வா இனத்தவர், மனைவியைவிடப் பல ஆண்டுகள் இளையவர், சிறுவனை அடித்தறியாதவர். வேட்டைத் துப்பாக்கியை முதன்முதலில் கையில் கொடுத்து அவனை வேடனாக்கிய குடும்பம் அது. அவர்கள் அவனுக்கு வைத்த பெயர் ஷாவ்ஷாவ்வாபெனாசே. வல்லூறு என்று அதற்குப் பொருள் கூறுவர். பின்னர் அக்குடும்பம் ரெட் ரிவரை நோக்கி மேற்கே புறப்பட்டது. வழியில் கணவர் இறந்தார். மக்களுள் ஒருவரும் இறந்தார். அந்நிய நாட்டில், பனியில், வேட்டைப் பயிற்சி முற்றாத இரண்டு பையன்களுடன் அந்த மூதாட்டி தனித்து நின்றார். பசியால் கண் இருண்ட ஒரு குளிர்காலத்தில் இரவெல்லாம் பாடியும் பிரார்த்தித்தும் இருந்த அவர், விடியலில் தாம் கண்ட கனவைச் சொல்லி, கரடி பதுங்கியிருக்கும் புல்வெளியின் இடம் இன்னதென்று அடையாளங்காட்டி அனுப்ப, டானர் அந்த இடத்திலேயே தம் முதற்கரடியைச் சுட்டு வீழ்த்தினார். அவர்களுடைய வழக்கப்படி, இளைஞன் கொன்ற முதற்கரடியின் இறைச்சி அயலாருக்கெல்லாம் விருந்தாக்கப்பட்டது. கனவை நம்புவதும் நம்பாததும் வாசகர் விருப்பம். அன்று அந்த மூதாட்டி மகனைப் பார்த்துப் பெருமிதம் கொண்டார் என்பதை மட்டும் எவரும் மறுக்க முடியாது.

பெஷாவ்பா என்ற ஒட்டாவா வீரரின் செயலை நான் சற்று விரித்துச் சொல்லாமலிருக்க முடியவில்லை. தம் இனத்து மூதாட்டி ஒருத்தி ஆண் துணையை இழந்து சிறுவர்களுடன் அந்நிய தேசத்தில் துன்புறுகிறாள் என்று தொலைவில் கேள்விப்பட்ட அவர், முன்பின் பார்த்தறியாத அந்தக் குடும்பத்தைத் தேடிக்கொண்டு தோழர்கள் மூவருடன் வந்து சேர்ந்து, தம் குடிலுக்கு அவர்களை அழைத்துச் சென்று, தமக்குக் கிடைத்ததைப் பகிர்ந்து நெடுங்காலம் காத்தார். அவர் காத்தவர்களுள் ஒருவன் வெள்ளைக்காரப் பிள்ளை என்ற எண்ணம் அவருக்கு எழுந்ததாக அந்த நூலில் எங்கும் காணோம். எதிர்க்கட்சியார் சொல்லும் சிறைக்கூடத்தில் காவலாளி யார்? முப்பது ஆண்டுகளில் டானர் தனியாக வேட்டைக்குச் சென்ற நாட்கள் எண்ணற்றவை; வெள்ளையரின் வணிகக் கோட்டைகளுக்கு அவர் தோல் விற்கச் சென்று வந்ததும் பலமுறை. கதவு திறந்தே கிடந்தது. அவரைத் திரும்பத் திரும்பக் குடிலுக்கு இழுத்து வந்தது பசித்திருக்கும் கிழவியின் நினைவு.

அப்படியானால் பட்டினி? அடி? இரத்தம் சிந்திய சண்டைகள்? அவை உண்மையே. ஆனால் அவற்றின் காரணத்தை ஆராயாமல் பூர்வகுடியின் சுபாவம் என்று ஒதுக்கிவிடுவது நியாயமாகாது. டானர் வாழ்ந்த காலத்தில் அந்தக் காடுகளில் நார்த் வெஸ்ட் கம்பெனியும் ஹட்சன் பே கம்பெனியும் பீவர்த் தோலுக்காக ஒன்றோடொன்று போட்டியிட்டுக் கொண்டிருந்தன. அந்தப் போட்டியின் ஆயுதம் ரம். குளிர்காலம் முழுதும் உயிரைப் பணயம் வைத்துச் சேர்த்த தோல்களை வசந்தத்தில் கொண்டுபோய், நெட்நோக்வா ஒரே நாளில் நூற்றிருபது பீவர்த் தோல்களையும் எருமைத் தோல்கள் பலவற்றையும் ரம்முக்குக் கொடுத்துவிட்டார் என்று மகனாகிய டானரே துயரத்தோடு பதிவு செய்கிறார். தாம் மட்டும் குடித்தாரல்லர்; அருகிலிருந்தோர் அனைவரையும் குடிக்க வைத்தார்; கையிலிருப்பதைப் பகிர்வதே தலைவியின் தர்மம் என்ற அதே நற்குணம், ரம் புகுந்தபோது குடும்பத்தை அழித்தது. அடுத்த பனிக்காலத்துக்குப் போர்வையும் வெடிமருந்தும் கடனில்தான் வாங்க வேண்டும்; கடன் கொடுத்தவன் தோல்களை அதிகாரத்தோடு கேட்பான். தம் தோல்களைக் கொடுக்க மறுத்த டானரின் மார்புக்கு நேரே கைத்துப்பாக்கியை நீட்டியவர் ஒரு வெள்ளை வணிகர். பட்டினிக்கும் குடிச்சண்டைக்கும் பாதிப் பொறுப்பு கம்பெனிகளின் கணக்குப் புத்தகத்தில் இருக்கிறது. அதைப் பிரிக்காமல் முழுப் பழியையும் குடிலின்மேல் சுமத்துவதுதான் இருநூறு ஆண்டுகளாக நடந்துவந்திருக்கிறது.

டானர் ஒருவர் தானே, அதுவும் குழந்தைப் பருவத்தில் போனவர் தானே என்று சொல்பவர்களுக்காக வளர்ந்த மனிதர் ஒருவரின் சாட்சியையும் எடுத்துக்கொள்வோம். 1763 ஜூன் தொடக்கத்தில் மிஷிலிமாக்கினாக் கோட்டைக்கு வெளியே ஒஜிப்வா வீரர்கள் பந்தாடிக்கொண்டிருந்து, பந்து கோட்டைக்குள் விழுந்ததும் அதைத் தொடர்ந்து ஓடுவதுபோல் உள்ளே புகுந்து, பெண்கள் போர்வைக்குள் மறைத்து வைத்திருந்த ஆயுதங்களை வாங்கிப் பிரிட்டிஷ் படையைக் கொன்று குவித்த நிகழ்ச்சி வரலாற்றில் பிரசித்தம். அங்கே அகப்பட்டவர் அலெக்சாண்டர் ஹென்றி என்ற இளம் வணிகர். அந்தக் கொலைகளை அவர் கண்ணால் கண்டார். போர் முடிந்தபின் கொல்லப்பட்டவன் ஒருவனின் சதையைச் சடங்காக உண்டதையும், தம்மைக் காத்தவரே அதில் பங்கு கொண்டதையும் அவர் எழுதியிருக்கிறார். இதைவிடக் கொடூரமான சாட்சியத்தை எதிர்க்கட்சியார் கேட்க முடியாது. நானே அதை எடுத்து வைக்கிறேன். ஆனால் அந்தக் காத்தவர் யார்? வாவதாம் என்ற ஒஜிப்வா மனிதர். உபவாசத்தின்போது கண்ட காட்சி ஒன்றில் ஆங்கிலேயன் ஒருவனைத் தம் சகோதரனாக ஏற்றவர். ஓராண்டுக்கு முன்பே ஹென்றியைப் பார்த்ததும் அவனே இவன் என்று தெரிந்து, பரிசளித்து, உறவு கொண்டாடியவர். ஹென்றி கைதியாகக் கிடந்த இடத்துக்கு அவர் மனைவியோடு வந்து, தம் பொருள்களையெல்லாம் சபைமுன் கொட்டி, இவன் என் சகோதரன், இவனை எனக்குக் கொடுங்கள் என்று கேட்டு மீட்டுக்கொண்டார். தலையை மழித்து, முகத்தில் வண்ணமிட்டு, ஒஜிப்வா உடை தரித்த ஹென்றி அந்தக் குடும்பத்தின் பிள்ளையாக ஒரு குளிர்காலம் முழுதும் வேட்டையாடினார். அந்த நாட்களைத் தம் நூலில் அவர் நன்றியோடும் பாசத்தோடும் விவரிக்கிறார். கரடியைக் கொன்றபின் அதன் தலையைத் தடவிக் கொடுத்து அக்குடும்பத்தார் மன்னிப்புக் கேட்டதை எவ்வளவு மரியாதையோடு அவர் கூறுகிறாரென்று படித்தவர்கள் அறிவார்கள்.

இங்கே இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். கொலைநாளன்று ஹென்றி ஒளிந்துகொள்ளப் புகுந்தது அருகிலிருந்த பிரெஞ்சுக்காரர் ஒருவரின் வீட்டில். அங்கே அவரை மேல்மாடத்துக்கு இட்டுச் சென்று ஒளித்துவைத்தவள் அந்த வீட்டில் விலைக்கு வாங்கப்பட்டிருந்த பானி இனத்து அடிமைப் பெண். வாங்கப்பட்ட பெண் ஒருத்தி எந்நாளும் வாங்கப்பட்ட பெண்ணாகவே இருப்பது எந்த வீட்டில் என்று பாருங்கள். அதே ஹியூரன் ஏரியின் கரைகளில், வாங்கப்பட்ட டானர் மகனானார். வாவதாம் பொருள் கொடுத்து மீட்ட ஹென்றி சகோதரனானார். பிரெஞ்சு வீட்டில் வாங்கப்பட்ட பெண் பெயரில்லாமலே வரலாற்றிலிருந்து மறைந்தாள். 1764-இல் பிரிட்டிஷ் படையின் கர்னல் பூக்கே மஸ்கிங்கம் ஆற்றங்கரையில் ஷானீ, டெலவேர் இனத்தாரிடமிருந்து சிறைப்பட்டோர் இருநூற்றுக்கு மேற்பட்டவர்களை வலிந்து திரும்பப் பெற்றபோது, அவர்களுள் சிலரைக் கட்டித்தான் கொண்டுவர நேர்ந்தது என்பதையும் இதனோடு சேர்த்துப் பார்க்கலாம்.

எதிர்க்கட்சியாரின் மிக வலிய கேள்வி இனிமேல்தான் வருகிறது. அவ்வளவு பாசமிருந்தால் டானர் ஏன் திரும்பினார்? அவர் விரும்பித் திரும்பினார் என்பது உண்மை. வனங்களின் ஏரிப் பகுதியில் ஒரு போலித் தீர்க்கதரிசி அவர்மேல் பகைமூட்டினான். டானருடைய ஒஜிப்வா மனைவியின் தாயார் தம் பிள்ளைகளின் நோய்க்கு அவருடைய சூனியமே காரணமென்று நம்பி அவர் உயிருக்கே கண் வைத்தார். நெட்நோக்வாவும் முதுமையில் தளர்ந்திருந்தார். ரெட் ரிவர் குடியேற்றத்தை நிறுவிய செல்கர்க் பிரபுவின் படைக்கு வழிகாட்டி, 1817 ஜனவரியில் ஃபோர்ட் டக்ளஸ் கோட்டையைப் பிடிக்கத் துணைநின்ற டானருக்கு, அந்தப் பிரபு ஆண்டுக்கு இருபது பவுன் உதவித்தொகை அளித்ததோடு, அவருடைய குடும்பத்தைத் தேடிப் பத்திரிகைகளிலும் எழுதினார். செத்துப் போனார்கள் என்று தாம் நம்பிய அண்ணன்மார் உயிரோடிருக்கிறார்கள் என்று தெரிந்தபின் ஒரு மனிதன் அவர்களைப் பார்க்க ஆசைப்படுவது எதைக் காட்டுகிறது? காவலுக்குப் பயந்து தப்பியோடியவனை அன்று. ஓர் உறவிலிருந்து மற்றோர் உறவைத் தேடிப் போனவனை. டிட்ராய்ட்டில் அவர் முதலில் சந்தித்த பழைய முகங்களுள் ஒன்று, சிறுவயதில் தம்மைத் தூக்கிக்கொண்டு போன கிஷ்காகோவின் முகம். அவன் அவரைச் சகோதரன் என்று அழைத்து வரவேற்று, மிச்சிகன் பிரதேச ஆளுநர் லூயிஸ் காஸிடமும் அப்படியே சொல்லி அறிமுகப்படுத்தினான்.

பிறகு மீட்கப்பட்ட நாட்டில் அவருக்கு என்ன கிடைத்தது? நோயோடும் பசியோடும் ஒஹையோவுக்கு நடந்த வழியில் அவர் தட்டிய கதவுகளில் பல திறக்கவில்லை. இந்தியன்போல் தோற்றமளித்தவனுக்கு உணவும் இடமும் தர வெள்ளைக் குடியானவர்கள் மறுத்தார்கள். அவரைத் தேடி நெடுந்தூரம் அலைந்து வந்த அண்ணன் எட்வர்டின் அன்பை நான் குறைத்துச் சொல்லவில்லை. அந்த அன்பில் ஐயமில்லை. ஆனால் வீட்டுக்குள் படுத்தால் மூச்சு முட்டி நோயுறும் மனிதனை அந்தச் சமூகத்தில் வேறெவரும் எங்கே வைப்பதென்று அறியவில்லை. பேச்சிலும் நடையிலும் அவர் வெள்ளையருக்கு இந்தியன், சட்டத்தில் வெள்ளையன், அவரைச் சமாதியைச் சுற்றி அழைத்துப்போய், இதோ இவன் நம்மவன் என்று ஊரறியச் சொல்லும் சடங்கு அந்த நாகரிகத்தில் இல்லை.

1823-இல் அவர் தம் பெண்மக்களைக் கிழக்கே அழைத்துவரப் போனார். வழியில், ஆற்று வேகத்தை எதிர்த்து ஓடத்தைச் செலுத்திக்கொண்டிருந்தபோது, கரையிலிருந்து ஒருவன் சுட்டான். குண்டு கையை முறித்து மார்பில் புகுந்தது. அது தம் மனைவியின் தூண்டுதலால் நடந்தது என்றே டானர் நம்பினார். ரெய்னி ஏரியிலிருந்த வணிகக் கோட்டையில் அவர் காயத்தோடு கிடந்தபோது பெண்மக்கள் மறைந்துவிட்டார்கள். பார்த்தீர்களா காட்டுமிராண்டித்தனத்தை என்பார்கள் எதிர்க்கட்சியார். சுட்டது கொலைத்தொழில், அதற்குச் சமாதானம் கிடையாது. ஆயினும், தம் பெண்பிள்ளைகளை மொழி தெரியாத அந்நியரிடம் அழைத்துப் போகப் போகிறார் என்று கண்ட தாயின் நெஞ்சு, அக்ரூட்டு மரத்தடியில் பிள்ளையைத் தேடி அலைந்த கென்டக்கிப் பாதிரியாரின் நெஞ்சிலிருந்து எந்த வகையில் வேறுபட்டது? பிள்ளையைப் பறிகொடுப்பவர் வெள்ளையரானால் துயரம் என்றும், ஒஜிப்வாவானால் மூர்க்கம் என்றும் எழுதும் பேனா நீதியுடைய பேனா அன்று.

1831-இல் பிரெஞ்சு அறிஞர் டோக்வில் சுப்பீரியர் ஏரியின் நுழைவாயிலருகே டானரை நேரில் கண்டார். நாகரிக மனிதனைக் காட்டிலும் காட்டு மனிதனையே அவரிடம் கண்டதாகத் தம் புகழ்பெற்ற நூலில் குறித்தார். டோக்வில்லிடம் எனக்கு மிகுந்த மதிப்புண்டு. இந்த இடத்தில் அவர் பார்வை மேலோடு நின்றுவிட்டது. அவர் கண்டவர் காட்டிலிருந்து நேராக வந்தவரல்லர். பதின்மூன்று ஆண்டுகளை வெள்ளையரிடையே கழித்தவர். சூ செயின்ட் மேரியில் ஹென்றி ஸ்கூல்கிராஃப்டின் இந்திய அலுவலகத்தில் மொழிபெயர்ப்பாளராயிருந்து அவரோடு பிணங்கியவர். எட்வின் ஜேம்ஸுடன் அமர்ந்து புதிய ஏற்பாட்டை ஒஜிப்வா மொழியில் ஆக்க உதவிக்கொண்டிருந்தவர். அவர் முன்கோபி, அண்டை அயலாரை அச்சுறுத்தினார் என்று ஊரார் சொன்னார்கள்; அது பொய்யென்று நான் வாதாடவில்லை. அந்தக் கோபத்துக்குக் காரணமான நிகழ்ச்சி ஒன்று டோக்வில் வருவதற்கு முந்திய ஆண்டில் நடந்திருந்தது: 1830-இல், சிறைவாசம் என்ற தலைப்போடு அவர் நூல் வெளிவந்த அதே ஆண்டில், மிச்சிகன் பிரதேசச் சட்டசபை அவர் ஒருவருக்காகவே ஒரு சட்டம் இயற்றி, அவருடைய மகள் மார்த்தாவை அவரிடமிருந்து பிரித்துப் பாதுகாப்பான இடத்தில் வைக்கும்படி ஷெரிஃபுக்கு அதிகாரம் கொடுத்தது. முதல் முறை அவரைத் தந்தையிடமிருந்து பிரித்தது அழுத தாய் ஒருத்தியின் வேண்டுகோள். இரண்டாம் முறை அவர் மகளை அவரிடமிருந்து பிரித்தது ஒரு சட்டசபையின் தீர்மானம். அதை எவரும் சிறைபிடிப்பு என்று எழுதவில்லை.

கடைசியாக, நான் மறுக்கும் அபிப்பிராயத்துக்கு நேர் எதிரான இன்னோர் அபிப்பிராயம் சிலரிடம் உண்டு. காட்டில் சுதந்திரமாய்த் திரிந்த இயற்கைக் குழந்தைகள் என்று சிறைப்பட்டோரைப் பாடும் அபிப்பிராயம். அதையும் நான் ஏற்கவில்லை. பட்டினியில் மரப்பட்டையைக் கொதிக்க வைத்தவர்களுக்கு அந்தப் பாட்டு தேவையில்லை. டானர் ஒஜிப்வாக்களிடம் பெற்றது சுதந்திரமன்று, பிள்ளை என்ற பெயரும், அந்தப் பெயரோடு வரும் கடனும். அதை அவர் ஏற்று முப்பது ஆண்டுகள் தீர்த்தார். அவர் வாழ்வைச் சிறை என்று எழுதும் நூலாசிரியர்கள் அந்தச் சொல்லைக் கைவிட வேண்டும். சுவீகாரம் என்று எழுத வேண்டும். அந்தச் சொல் மனிட்டோ கீஷிக்கின் கோடரியையும் நெட்நோக்வாவின் கனவையும் ஒருங்கே தாங்கும்.

1846 ஜூலையில் சூ செயின்ட் மேரியில் ஸ்கூல்கிராஃப்டின் தம்பி ஜேம்ஸ் சுட்டுக் கொல்லப்பட்டார். அதற்கு இரண்டு நாள் முன்பு டானரின் வீடு எரிந்து போயிருந்தது. டானரைக் காணவில்லையாதலால் அவரே கொலைகாரர் என்று ஊர் முடிவு செய்து, வீரர்களையும் நாய்களையும் கொண்டு காடெல்லாம் தேடியது. பின்னாளில் சந்தேகம் ஒரு ராணுவ அதிகாரியின் மேல் திரும்பியது. டானரை அதன்பின் உயிரோடு கண்டவர் எவருமில்லை. அவருக்கென்று அறியப்பட்ட சமாதியும் இல்லை.